உணவுத் தட்டின் முன் ஒரு சிறுவன்: தாஹா ஹுசைனின் ‘அல்-அய்யாம்’ குறித்து

வளர்ந்த மனிதனின் மனநலத்துக்கான வேர்களை அவனது இளம்பருவத்தில் தேடுவது நம் காலத்து உளவியலின் முதன்மையான போக்குகளுள் ஒன்றாக இருந்துவருகிறது. 1998ஆம் ஆண்டு அமெரிக்காவின் கலிபோர்னியாவில் வெளியான ஆய்வொன்று 9,500க்கும் மேற்பட்ட பெரியவர்களிடம் அவர்களது சிறுவயதுத் துன்பங்களைப் பற்றி வினவியது. அடி, வசை, வீட்டுக்குள் வன்முறை போன்ற துன்பங்களின் எண்ணிக்கை ஏற ஏற, பிற்கால நோய்களும் மனச்சோர்வும் ஏறிச் செல்வதை அது கண்டது. ஹவாய்த் தீவுகளுள் ஒன்றான கவாயில் 1955இல் பிறந்த 698 குழந்தைகளைப் பல பத்தாண்டுகள் பின்தொடர்ந்த மற்றோர் ஆய்வு, பல துன்பங்களுக்கு ஆளான குழந்தைகளுள் ஏறத்தாழ மூன்றில் ஒரு பகுதியினர் நலமாகவே வளர்ந்ததைக் காட்டிற்று. அவர்களுள் பலருக்கும், அன்போடு உடனிருந்த ஒருவரேனும் வாய்த்திருந்தார்.

இவ்விரு முடிவுகளையும் நாம் மறுக்கவில்லை. ஆயின் இவை திரளைப் பற்றியவை. தனியொரு மனிதனுக்குள் சிறுவயது எவ்வாறு வேலை செய்கிறது, எந்த வழியில் ஒரு நாள் நிகழ்ச்சி அறுபதாண்டுப் பழக்கமாகிறது என்பதை எண்கள் சொல்வதில்லை. அதனை இலக்கியம் சொல்லக்கூடும். அவ்வாறு சொன்ன நூல்களுள் ஒன்றாக, எகிப்திய அறிஞர் தாஹா ஹுசைனின் (1889–1973) தன்வரலாறான ‘அல்-அய்யாம்’, அதாவது ‘நாட்கள்’ என்னும் நூலை இங்கே வாசிக்க முற்படுகிறோம்.

நூலும் அதன் காலமும்

மேல் எகிப்தில், மின்யா மாகாணத்தின் மகாகா நகரையடுத்த சிற்றூர் ஒன்றில் 1889 நவம்பரில் பிறந்தவர் தாஹா. தந்தையின் பதின்மூன்று பிள்ளைகளுள் ஏழாமவர். மூன்று வயதளவில் கண்ணோய் வந்தது. சில நாட்கள் எவரும் பொருட்படுத்தவில்லை. பின்னர் ஊர் நாவிதர் வந்து செய்த சிகிச்சையில் பார்வை போயிற்று. ஒன்பது வயது நிறைவதற்குள் அல்குர்ஆனை மனனம் செய்தார். பதின்மூன்றாம் வயதில் அல்-அஸ்ஹருக்கு அனுப்பப்பட்டார். 1914இல் கெய்ரோவின் புதிய பல்கலைக்கழகம் வழங்கிய முதல் முனைவர் பட்டத்தைப் பெற்றார். பின்னர் பிரான்சில் பயின்று, இப்னு கல்தூனின் சமூகச் சிந்தனை பற்றிய ஆய்வேட்டைப் பாரிசில் அளித்தார். 1950 முதல் 1952 வரை எகிப்தின் கல்வி அமைச்சராயிருந்தார்.

இவ்வரலாற்றைத் தன்னம்பிக்கைக் கதையாகச் சொல்வது எளிது. பார்வையற்ற ஏழைச் சிறுவன், உறுதி, உழைப்பு, வெற்றி என்பதாகவே பாடநூல்களும் மேடைகளும் சொல்லிவருகின்றன. ஆனால் நூலைக் கையிலெடுக்கும் வாசகன் காண்பது வேறொன்று. 1926ஆம் ஆண்டு, இஸ்லாத்துக்கு முந்திய அரபுக் கவிதை குறித்த தாஹாவின் நூல் பெரும் கண்டனத்துக்கு உள்ளாயிற்று. அரசு வழக்குரைஞரின் விசாரணை வரை விவகாரம் சென்றது. அந்நூலின் வாதங்கள் இங்கே நம் பொருள் அல்ல. அந்தப் புயலின் நடுவில்தான் அவர் ‘அல்-அய்யாம்’ முதற்பகுதியைச் சொல்லியெழுதுவித்தார் என்பதே நமக்குரியது. ‘அல்-ஹிலால்’ இதழில் தொடராக வந்து 1929இல் அது நூலாயிற்று. நெருக்கடியில் அகப்பட்ட முப்பத்தேழு வயது மனிதர் தம் சிறுவயதுக்குத் திரும்பியிருக்கிறார். மனத்தின் பாரத்தை இறக்கிவைக்கவே அதனைச் சொல்லியெழுதுவித்ததாகப் பின்னாளில் பார்வையற்ற வாசகர்களுக்கான முன்னுரையில் அவரே குறிப்பிடுகிறார். ஆறுதல் தேடிச் சென்ற இடத்தில் அவர் கண்டெடுத்தவை பெரும்பாலும் காயங்கள் என்பதுதான் இந்நூலின் விந்தை.

ஒரு கவளம்

நூலின் உயிர்நிலை ஓர் இராவுணவுக் காட்சியில் இருக்கிறது. குடும்பத்தார் தட்டைச் சூழ்ந்து அமர்ந்திருக்கிறார்கள். சிறுவனுக்கு ஒரு விபரீத எண்ணம் தோன்றுகிறது: எல்லோரும் ஒரு கையால் எடுக்கும் கவளத்தை இரு கைகளாலும் எடுத்தால் என்ன? எடுத்துப் பார்க்கிறான். அண்ணன்மார் சிரிக்கிறார்கள். தாய் அழத் தொடங்குகிறாள். தந்தை, தணிந்த துயரக் குரலில், கவளத்தை இப்படி எடுப்பதில்லை என்று மகனுக்குச் சொல்கிறார். அந்த இரவை எவ்வாறு கழித்தான் என்பதே அவனுக்குத் தெரியவில்லை.

இக்காட்சியில் கொடியவர் எவரும் இல்லை என்பதை நாம் கவனிக்க வேண்டும். அடி விழவில்லை; வசை இல்லை. தாயின் கண்ணீர் அன்பின் கண்ணீர், தந்தையின் குரல் பரிவின் குரல், சிரித்தவர்களும் சிறுவர்களே. மேலே சொன்ன கலிபோர்னிய ஆய்வின் வினாப்பட்டியலில் இந்த இரவு இடம்பெற்றிராது. ஆயினும் வாழ்நாள் முழுவதும் நீடித்த கூச்சம் இந்த இரவில்தான் அச்சிறுவனிடம் குடியேறிற்று. தாம் பிறர் கண்முன் இருக்கிறோம், பிறரைக் காண இயலாத தம்மைப் பிறர் காண்கிறார்கள் என்னும் அறிவு அவனுக்கு வந்த கணம் அது. சிரிப்பு மட்டுமே எழுந்திருந்தால் அவன் மறந்திருக்கவும் கூடும். சிரிப்போடு தாயின் அழுகையும் சேர்ந்ததனால், தன் செயல் வேடிக்கையும் துக்கமும் ஒருங்கே ஆனது என்பதை அவன் அறிந்துகொள்கிறான். ஒரு குழந்தைக்கு இதனினும் கனமான அறிவு வேறில்லை.

அதன்பின் அவன் தனக்குத்தானே விதிகளை இயற்றிக்கொள்கிறான். கஞ்சி, சோறு முதலாகக் கரண்டியால் உண்ணும் எதனையும் இருபத்தைந்து வயது கடக்கும்வரை தனக்கு விலக்கிக்கொள்கிறான். பிறர் காண உண்பதையும் தவிர்க்கிறான். சிரிப்புக்கோ இரக்கத்துக்கோ இடம்தரும் விளையாட்டுகள் அனைத்தையும் கைவிடுகிறான். தனக்குள் ஓர் உறுதியான மனவலிமை இருப்பதை அந்நாளிலிருந்துதான் அவன் அறிந்துகொண்டான் என்றும் நூல் சொல்கிறது.

இந்த இடத்தை விதந்தோதுவோர் விரைந்து கடந்துவிடுகிறார்கள். தாஹா ஹுசைனின் புகழ்பெற்ற மனவுறுதி ஒரு வெட்கத்தின் பிள்ளை. காயமும் வலிமையும் ஒரே இரவில், ஒரே தட்டின் முன் பிறந்தன. ஒன்றை மற்றொன்று வென்றது என்று சொல்வதற்கு இங்கே வழியில்லை. வலிமை காயத்தைக் காவல் காத்தது என்பதே பொருந்தும். அல்-அஸ்ஹரையும் பிரான்சையும் கடந்து சென்ற அதே மனவுறுதிதான், சோற்றுக் கிண்ணத்தை இருபதாண்டுகள் விலக்கிவைத்த மனவுறுதியும்.

இந்தத் தட்டு அவரது புலமைக்குள்ளும் புகுந்திருக்கிறது. நான்கு வயதில் அம்மை கண்டு பார்வையிழந்த பெருங்கவி அபுல் அலா அல்-மஅர்ரீ (973–1057) ஒரு நாள் பாகு உண்டபோது அது மார்பில் சிந்திவிட்டது. மாணவர்கள் அதனைக் கவனித்ததை அறிந்த கவிஞர், அதன்பின் அவ்வுணவை விலக்கி, மறைவிடத்தில் தனித்து உண்ணலானார் என்பது மரபுவழிச் செய்தி. அதன் பொருளைத் தாம் நன்கறிந்ததாக ‘அல்-அய்யா’மில் தாஹா எழுதுகிறார். அவரது 1914ஆம் ஆண்டு முனைவர் ஆய்வு மஅர்ரீயைப் பற்றியதே. கால் நூற்றாண்டு கழித்து, 1939இல், அக்கவிஞரின் சிறைவாசத்தில் உடனிருப்பதாகப் பெயரிட்டு மற்றொரு நூலும் எழுதினார். ஓர் ஆய்வாளர் தம் ஆய்வுப் பொருளைத் தேர்கிறார் என்று நாம் நினைக்கிறோம். சில வேளைகளில் ஒரு சிறுவனின் இராவுணவு அதனைத் தேர்ந்துகொடுக்கிறது.

அழாத பிள்ளை

இரண்டாவது இழை மௌனம். நூலின் தொடக்கப் பக்கங்களில், வீட்டெதிரே தன்னினும் உயர்ந்த தட்டை வேலியொன்றின் அருகே சிறுவன் நிற்கிறான். அவனால் தாண்ட இயலாத வேலியை முயல்கள் தாவியும் ஊடுருவியும் கடந்துபோகின்றன. அப்பால் ஒரு பாடகன் பழங்கதை பாடுகிறான். கதை சுவைக்கும் நேரத்தில் அக்கா வந்து அவனைத் தூக்கிச் சென்றுவிடுகிறாள். தாய் மடியில் கிடத்தி அவன் கண்களில் மருந்து விடுகிறாள். அது எரிகிறது, பயனும் தருவதில்லை. ஆனால் அவன் அழுவதில்லை. தன் தங்கையைப் போல் அழுது முறையிடும் பிள்ளையாக இருக்க அவனுக்கு விருப்பமில்லை.

அந்தத் தங்கைக்கு நேர்ந்ததை நூல் பின்னர் சொல்கிறது. நான்கு வயதில், ஈதுல் அழ்ஹாவுக்கு முன், அவள் காய்ச்சலில் விழுகிறாள். வீடு பெருநாள் ஆயத்தங்களில் இருக்கிறது. நோயை எவரும் பெரிதாக எண்ணவில்லை. கடைசி மாலையில் அவள் அலறல் வீட்டை உலுக்கியபின்தான் எல்லோரும் ஓடிவருகிறார்கள். அன்றிரவே அவள் அடங்கிப்போகிறாள். வீட்டில் குரலெழுப்பி அழும் பிள்ளை அவள். அவளது குரலும் காலம் கடந்தே கேட்கப்பட்டது. அழாதிருக்கப் பழகிய பிள்ளை இதிலிருந்து என்ன கற்றிருப்பான் என்பதை நூல் சொல்லவில்லை. நாம் அதனை ஊகிக்க வேண்டியவர்களாக இருக்கிறோம்.

இங்கே ஆசிரியரோடு நமக்கு ஒரு முரண்பாடு உண்டு. தங்கையின் சாவையும் தம் பார்வையிழப்பையும் ஒருசேர எண்ணி, கிராமத்துத் தாய்மாரின் அறியாமையைக் கடுமையாகச் சாடுகிறார் தாஹா. சாட்டில் உண்மை இல்லாமலில்லை. ஆனால் அதே நூலின் சான்றுகளைக் கொண்டே கேட்கலாம்: மருத்துவரை அழைக்காத பொறுப்பு தாயினுடையது மட்டுமா? அந்த வீட்டில் தந்தையும் இருந்தார். பதினொரு பிள்ளைகளைப் பெற்று, அடுக்களையிலும் தொழுகைப் பாயிலும் நாட்களைக் கழித்த ஒரு பெண்ணுக்கு எந்த மருத்துவக் கல்வி வாய்த்திருந்தது? தந்தையின் தணிந்த குரலை மன்னித்துவிடும் நூல், தாயின் இயலாமையை மன்னிக்கத் தயங்குகிறது. சிறுவயதின் நீதிமன்றத்தில் தாயே எப்போதும் முதல் குற்றவாளியாக நிறுத்தப்படுகிறாள். நம் கால உளவியலும் நீண்ட காலம் இதே பிழையைச் செய்தது. உடனிருந்தவள் என்பதாலேயே அவள் பெயர் வழக்கில் முதலில் வருகிறது.

மனனமும் மானமும்

மூன்றாவது இழை ஓதுபள்ளி. ஒன்பது வயதுக்குள் அல்குர்ஆனை முடித்த சிறுவனை வீட்டார் ‘ஷெய்கு’ என்று அழைக்கிறார்கள். பெருமிதம் நீடிக்கவில்லை. ஓதிப்பார்க்கும் பழக்கம் தளர, மனனம் நழுவிவிடுகிறது. விருந்தினர் முன்னிலையில் தந்தை அவனை ஸூரத்துஷ் ஷுஅரா ஓதச் சொல்கிறார். தொடக்க எழுத்துகளான தா, ஸீன், மீம் என்பவற்றைத் திரும்பத் திரும்பச் சொல்வதைத் தவிர அவனால் எதுவும் இயலவில்லை. அடுத்த இரு ஸூராக்களும் ஏறத்தாழ அவ்வாறே தொடங்குகின்றன, அவையும் கைகொடுக்கவில்லை. வியர்த்துக் கொட்டுகிறது. தந்தை வைதாரில்லை. மகன் மனனம் செய்திருப்பதாகவே நம்பியிருந்தேன் என்ற பொருளில் ஒரு சொல் சொல்லி அனுப்பிவிடுகிறார்.

இத்தகைய அவமானம் ஒன்றை அடுத்து, அவன் இறைச்சி கொத்தும் கத்தியை எடுத்துத் தன் பிடரியில் தானே அடித்துக்கொண்டதையும் நூல் மறைக்கவில்லை. காயம் சிறிது. தாய் பார்த்துவிட்டு, கடிந்து, அடுக்களை மூலையில் அவனை இருத்திவிட்டு வேலைக்குத் திரும்பிவிடுகிறாள். அவன் அசையாமல், அழாமல், ஒன்றுமில்லாதவனைப் போல் அமர்ந்திருக்கிறான். சுற்றிலும் உடன்பிறந்தார் விளையாடிக்கொண்டிருக்கிறார்கள். அரபு உரைநடையில் குழந்தையின் தனிமையை இவ்வளவு குறைந்த சொற்களில் சொன்ன பக்கங்கள் அரிது.

ஓதுபள்ளியின் மற்றொரு விளைவையும் தாஹா நேர்மையாகப் பதிவு செய்கிறார். பிற பிள்ளைகளின் மனனத்தைக் கேட்டுச் சரிபார்க்கும் பொறுப்பு அவனிடம் வந்தபோது, அவன் கைக்கூலி பெறக் கற்றுக்கொள்கிறான். ஆசிரியரும் உதவியாளரும் தந்தைக்குச் சொல்லும் பொய்களில் அவனும் பங்காளியாகிறான். பெரியவர்களின் சத்தியங்கள் எவ்வளவு எளிதில் முறிகின்றன என்பதைக் காண்கிறான். இவ்விடத்தில் இப்னு கல்தூன் நினைவுக்கு வருகிறார். மாணவரிடம் கடுமை காட்டுவதன் தீங்கை ‘முகத்திமா’வில் தனி அத்தியாயமாகவே அவர் எழுதினார். அடக்குமுறையில் வளரும் பிள்ளை ஊக்கம் இழக்கிறான், தண்டனைக்கு அஞ்சிப் பொய்யையும் சூழ்ச்சியையும் கைக்கொள்கிறான், காலப்போக்கில் அதுவே அவன் இயல்பாகிவிடுகிறது என்பது அவர் கருத்து. பதினான்காம் நூற்றாண்டிலேயே, வளர்ந்தவனின் குணக்கேட்டை வளர்ப்பின் குற்றமாகக் கண்ட அறிஞர் அவர். 1348–49ஆம் ஆண்டுகளின் கொள்ளைநோயில் இளவயதிலேயே பெற்றோரை இழந்தவரும் அவரே. தாஹா தம் பாரிசு ஆய்வுக்கு அவரை எடுத்துக்கொண்டபோது, அந்த அத்தியாயத்தைத் தம் கிராமத்து ஓதுபள்ளியின் நினைவின்றி வாசித்திருப்பார் என்று நம்மால் எண்ண இயலவில்லை.

‘அவன்’ என்னும் சொல்

‘அல்-அய்யாம்’ படர்க்கையில் எழுதப்பட்டது. ‘நான்’ இல்லை, ‘சிறுவன்’, ‘நம் நண்பன்’ என்றே கதை நடக்கிறது. அரபுத் தன்வரலாற்றில் இது ஒரு புதுமை என்று திறனாய்வாளர் போற்றுவர். நமக்கோ இது உத்தியைவிட மேலான ஒன்றாகத் தோன்றுகிறது. வலியைச் சொல்லாத பிள்ளையாக வளர்ந்தவர், வளர்ந்தபின்னும் ‘எனக்கு வலித்தது’ என்று சொல்ல இயலாதிருக்கிறார். ‘அவனுக்கு வலித்தது’ என்பதே அவரால் இயன்றது.

முதற்பகுதியின் கடைசி அத்தியாயத்தில் ‘நான்’ வருகிறது. ஒன்பது வயது மகளை நோக்கிப் பேசுகிறார். பார்வையிழந்த ஈடிப்பஸ் மன்னனை மகள் கைப்பிடித்து நடத்திச் செல்லும் கதையைக் கேட்டபோது அவள் தந்தையைக் கட்டிக்கொண்டு அழுததை நினைவுபடுத்துகிறார். பின்னர் பதின்மூன்று வயதில் கெய்ரோவில் தாம் எவ்வாறிருந்தார் என்று சொல்கிறார்: மெலிந்த உடல், அழுக்கேறிய உடை, வாரக்கணக்கில் ரொட்டியும் பாகும் மட்டுமே உணவு. ஊருக்குத் திரும்பியபோது, நலமாயிருப்பதாகப் பெற்றோரிடம் பொய் சொன்னதையும் ஒப்புகிறார். ஆனால் அங்கேயும் ‘நான் அவ்வாறிருந்தேன்’ என்று அவர் சொல்லவில்லை. ‘உன் தந்தையை நான் அறிவேன்’ என்ற பாங்கில், தம்மையே வேறொருவராக நிறுத்தி மகளுக்கு அறிமுகம் செய்கிறார். பெற்றோரிடம் துயரை மறைத்த பிள்ளை, தம் பிள்ளையிடம் துயரைச் சொல்லத் துணியும் முதற்படி இது. தலைமுறை தலைமுறையாக வரும் மௌனம் இந்த இடத்தில்தான் உடைகிறது. உடைவதும் பாதியளவே.

துணை

அவ்வாறாயின் காயம் ஆறவே இல்லையா? சில ஆறியதில்லை. 1902 ஆகஸ்டில், மருத்துவப் பள்ளியில் சேரவிருந்த பதினெட்டு வயது அண்ணன் காலராவில் இறந்தான். தமக்கென ஐவேளைத் தொழுததோடு, அண்ணனுக்காகவும் ஐவேளைத் தொழுதான் சிறுவன். வீட்டார் அறியாமல் அவனுக்காக நோன்பும் நோற்றான். துயரம் வணக்கமாக மாறிய அரிய பக்கங்கள் அவை. எனினும் அந்த நோயின் காட்சி வாரத்துக்கொரு முறையேனும் கனவில் வருவது நிற்கவில்லை.

ஆறியவையும் உண்டு. அவை ஆறிய வழியைக் கவனித்தால், தனியொருவனின் மனவுறுதி அங்கே சிறு பங்கே வகிக்கிறது. இரண்டாம் பகுதியில் கெய்ரோ அறையில் அண்ணன் அவனைத் தனியே விட்டுவிட்டு நண்பர்களோடு தேநீர் அருந்தச் சென்றுவிடுகிறான். அல்-அஸ்ஹரின் தேர்வாளர் அவனைப் பெயர் சொல்லாமல் ‘குருடனே’ என்று அழைக்கிறார். அந்த இருண்ட மாதங்களை முடித்துவைத்தது சிறிய தாயாரின் மகன் உடன் படிக்க வந்து சேர்ந்தது. பிரான்சில், கப்பலிலும் விடுதியிலும், பொது உணவு மேசைக்கு அவர் போகவில்லை. அறையில் தனித்தே உண்டார். அந்தப் பழக்கத்திலிருந்து அவரை வெளிக்கொணர்ந்தவர், அவருக்கு நூல்களை வாசித்துக் காட்ட வந்து 1917இல் மனைவியான ஸூஸான். தட்டின் முன் பட்ட காயம், தட்டின் முன்தான் ஆறவேண்டியிருந்தது. அதற்கு எதிரே ஒருவர் அமர வேண்டியிருந்தது. கவாய்த் தீவின் ஆய்வு கண்ட ‘உடனிருந்த ஒருவர்’ இவர்களே.

நம் வீடுகளில்

இந்நூலை அயல்நாட்டுப் பெரியார் ஒருவரின் கதையாக நாம் வாசித்து மூடிவிடலாகாது. மனனம் தளர்ந்த பிள்ளையைச் சபையில் ஓதச் சொல்லி நிறுத்தும் வழக்கம் நம்மிடையேயும் உண்டு. குறையுடைய பிள்ளையின் முன்னால் கண் கலங்குவதை அன்பென்று எண்ணும் தாய்மாரும், சிரிப்பை விளையாட்டென்று விட்டுவிடும் தந்தையரும் நம்மிடையேயும் உண்டு. பார்வையற்ற ஒருவரின் முன் முகம் சுளித்ததற்காக நபிகளாரையே (ஸல்) மென்மையாகக் கண்டித்து இறங்கிய ‘அபஸ’ ஸூராவைப் பிள்ளைகளுக்கு மனனம் செய்விக்கும் சமூகம் நாம். ‘ளுஹா’ ஸூராவோ, நபிகளாரின் அநாதைப் பருவத்தை நினைவூட்டியபின், அநாதையை ஒடுக்கலாகாது என்ற கட்டளைக்குச் செல்கிறது. சிறுவயது நினைவு கடமையாக மாற வேண்டிய வழியை அது காட்டுகிறது.

தாஹா ஹுசைனும் தம் வழியில் அதனைச் செய்தார். கல்வி, நீரையும் காற்றையும் போல் எல்லோருக்கும் உரியது என்பதை அமைச்சராயிருந்தபோது தம் முழக்கமாக்கினார். அம்முழக்கத்தின் பின்னால் இருட்டறையில் தனித்திருந்த ஒரு மாணவன் இருக்கிறான். ஆனால் ஒவ்வொரு காயமும் இத்தகைய கனி தரும் என்று நம்பி நாம் பிள்ளைகளைக் காயப்படுத்துவதற்கில்லை. அவர் தங்கைக்கு நான்கு வயதுக்கு மேல் வாழ்வு இருக்கவில்லை. அவளைப் போன்றவர்கள் தன்வரலாறு எழுதுவதில்லை. ‘அல்-அய்யாம்’ முதற்பகுதியை முடிக்கும்போது நம் மனத்தில் மிஞ்சுவது வெற்றி பெற்ற அறிஞரின் உருவமன்று. அடுக்களை மூலையில் அசையாமல் அமர்ந்திருக்கும் பிள்ளையின் உருவமே. அப்போது யாரேனும் ஒருவர் வேலையை விட்டுவிட்டு அவன் அருகே அமர்ந்திருக்கலாம். அதற்குப் புலமையோ பொருளோ தேவைப்பட்டிருக்காது.